பூச்சி வளர்க்கும் கண்ணாடித் தொட்டியில் உள்ள செடிகளுக்கு மக்கு உரம் போடலாமா?

போடலாம். ஆனால் தோட்டத்துக் கணக்கு இங்கே செல்லாது. வெளியே மழை பெய்தால் மிச்ச உப்பெல்லாம் மண்ணில் இறங்கிப் போய்விடும். மூடிய தொட்டியில் போட்டது போட்டபடி கிடக்கும்; கொஞ்ச நாளில் மண்மேல் வெள்ளையாக உப்புப் பூக்கும், இலை நுனி கருகும். கன அளவில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் உரம் வேண்டாம். கழுவிய தென்னை நார்த்தூள் 3 பங்கு, பெர்லைட் (தண்ணீர் வடிய உதவும் வெள்ளைத் துகள்) அல்லது பருமணல் 1 பங்கு, சலித்த மக்கு உரம் 1 பங்கு என்றால் பெரணி, மணி பிளான்ட் போன்றவற்றுக்குத் தாராளம்.

உரம் முழுதாக மக்கியிருக்க வேண்டும். அரைகுறையாக மக்கியது சூடாகும், ஆக்சிஜனை இழுக்கும், அம்மோனியாவை விடும். காற்றோட்டம் குறைந்த தொட்டியில் அதன் அடி செடிக்கு முன்னால் பூச்சிக்குத்தான் விழும். ஒரு கைப்பிடி உரத்தை ஈரமாக்கி ஜிப் பையில் போட்டு 3 நாள் மூடி வையுங்கள். திறக்கும்போது முதல் மழைக்கு எழும் மண்வாசனை வந்தால் சரி. புளித்த வாடையோ மூக்கைக் குத்தும் நெடியோ வந்தால் இன்னும் சில வாரம் கிடக்கட்டும்.

அதைவிட முக்கியம், உரத்தில் என்னென்ன சேர்ந்திருக்கிறது என்பது. வேப்பம் புண்ணாக்கு கலந்தது என்றால் தொடவே வேண்டாம். அதிலுள்ள அசாடிராக்டின் பூச்சி தோலுரிப்பதையே குலைத்துவிடும். ஐவர்மெக்டின் என்ற குடற்புழு மருந்து கொடுத்த மாட்டின் சாணத்திலும் அந்த மருந்து தங்கியிருக்கும். சாண வண்டுகளையே பாதிக்கிற சரக்கு அது. சந்தேகமான கலவையை ஒரு ஜாடியில் போட்டு, பத்துப் பழ ஈக்களை விட்டு 2 நாள் கவனியுங்கள். கடும் விஷம் இருந்தால் தெரிந்துவிடும். அசாடிராக்டின் போல மெதுவாக வேலை செய்வது இதில் சிக்காது. நர்சரிச் செடியில் இமிடாகுளோபிரிட் என்ற பூச்சிக்கொல்லி ஊற்றியிருந்தால் இலையே விஷம், உரத்தைப் பற்றிப் பேசிப் பயனில்லை.

உரத்தோடு பூரான், எறும்பு எல்லாம் உள்ளே வரும். ஈரமான உரத்தை 60 முதல் 70 டிகிரி செல்சியஸில் அரை மணி நேரம் வைத்தால் இவை சாகும். 80-ஐத் தாண்டவிட்டால் வேருக்கு ஆகாத பொருள்கள் உருவாகும். சூடாக்கிய மண்ணில் பூஞ்சை சுலபமாகப் படரும் என்பதால் ஆறியதும் பூஞ்சையைத் தின்னும் ஸ்பிரிங்டெயில் என்ற குட்டி உயிரிகளை விடுவது நல்லது. ஈர மண்ணில் பெருகும் பூஞ்சை ஈ வந்தால் மேல்மண் ஒரு சென்டிமீட்டர் காயும்வரை தண்ணீர் ஊற்றாதீர்கள். அதைப் பிடிக்க மஞ்சள் ஒட்டு அட்டையை உள்ளே தொங்கவிட்டால் உங்கள் கும்பிடுபூச்சிதான் முதலில் ஒட்டிக்கொள்ளும்.

வண்டுப் புழு வளர்க்கும் தொட்டி தனிக் கதை. அதற்கு மண்ணே சாப்பாடு. செடியின் வேரையும் சேர்த்துக் கிளறிவிடும், அங்கே செடி வேண்டாம்.

மற்றவற்றில், மண்ணைத் தொட்டி முழுக்கப் பரப்புவதைவிடச் செடியைச் சிறு சட்டியோடு இறக்கி வைப்பதே என் பரிந்துரை. கைப்பிடி மண்ணைப் பிழிந்தால் ஓரிரு சொட்டு மட்டும் வரும் ஈரம் போதும். மூன்று நான்கு மாதத்துக்கு ஒருமுறை சட்டியை வெளியே எடுத்து, மேலே அரை சென்டிமீட்டர் உரம் தூவி, மறுபடி வைக்கும் முன் இலையின் அடிப்பக்கத்தில் பூச்சி முட்டை ஒட்டியிருக்கிறதா என்று பாருங்கள்.