தொண்டராசிரியராக ஒன்பது வருடம், நிரந்தர நியமனப் பட்டியலில் பெயர் இல்லை: வழக்குப் போட்டால் வெல்லலாமா?

போடலாம். ஆனால் நேர்முகத் தேர்வுக்கும் போனேன், பெயர் வரவில்லை என்று எழுதியிருக்கிறீர்களே, பட்டியல் வந்து எத்தனை நாள் என்பதை எழுதவில்லை. அதுதான் முதல் கேள்வி.

நான் கோட்டைவிட்டது அங்கேதான். திருகோணமலை டவுனில் இருந்து மூதூருக்கு லோஞ்சில் போய், அங்கிருந்து கிடைக்கிற வாகனத்தில் தொற்றிக்கொண்டு வெருகல் பக்கத்துப் பாடசாலை ஒன்றில் தொண்டராசிரியராகப் படிப்பித்தவன் நான். படகில்லாமல் நேராகத் தரைவழியே போகக் கிண்ணியாப் பாலம் வந்ததே 2009இல். சம்பளம் என்று ஒன்றும் இல்லை, பெற்றோர் சேர்த்துத் தருகிற காசுதான். பிறகு பட்டியல் வந்தது, என் பெயர் இல்லை. அலுவலகத்தில் "மேன்முறையீடு எழுதித் தாங்கோ, பார்ப்பம்" என்றார்கள். நானும் எழுதிக் கொடுத்துவிட்டு ஏழு மாதம் காத்திருந்தேன். அதற்குப் பிறகு சட்டத்தரணியிடம் போனால், அவர் கோப்பைத் திறக்கவேயில்லை, கலண்டரைத்தான் பார்த்தார்.

அடிப்படை உரிமை மீறல் மனு என்றால் இலங்கை அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி ஒரு மாதத்துக்குள் கொழும்பில் உள்ள உயர் நீதிமன்றத்தில், அதாவது நாட்டின் அதியுயர் நீதிமன்றத்தில், போட வேண்டும். மேன்முறையீடு எழுதிக் காத்திருந்ததை அந்த மாதக் கணக்கில் இருந்து கழிக்க மாட்டார்கள். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நடக்கிற காலம் கழிபடும், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தில் இருக்கிறது. முறைப்பாட்டு இலக்கம் மட்டும் கையில் இருந்தால் போதாது, விசாரணை உண்மையில் நடக்கிறது என்று காட்டக் கடிதம் வேண்டும். இதைக் கேட்டு வாங்காமல் விட்டவர்கள் நிறையப் பேர்.

மாதம் கடந்துவிட்டதா? சரி, அப்புறம் இருப்பது எழுத்தாணை (ரிட்) மனு, அதாவது அதிகாரிகளின் முடிவை ரத்துச் செய்யவோ, அவர்களை ஒன்றைச் செய்யவைக்கவோ கேட்கிற மனு. மாகாணப் பாடசாலை என்றால் நியமன அதிகாரம் மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவிடம், அதற்கு மேல் ஆளுநர். அவர்களுக்கு எதிராகத் திருகோணமலையில் உள்ள மாகாண மேல் நீதிமன்றத்திலேயே போடலாம், மாகாண சபைகளைக் கொண்டுவந்த அரசியலமைப்பின் 13ஆம் திருத்தத்தால் வந்த வசதி. தேசியப் பாடசாலை, மத்திய கல்வி அமைச்சு என்றால் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். எழுத்தாணைக்கு நாள் கணக்கு இல்லை என்பார்கள். உண்மைதான், ஆனால் காரணமில்லாத தாமதம் என்று ஒரே வரியில் தள்ளவும் நீதிமன்றத்தால் முடியும்.

அடுத்தது, உங்களை யார் பாடசாலைக்குள் எடுத்தது? அதிபர் தானாகக் கூப்பிட்டாரா, வலயக் கல்விப் பணிமனை எழுத்தில் அனுமதி தந்ததா? எதிர்த்தரப்பு முதலில் பிடிப்பது இதைத்தான். அதிபர் பிறகு எழுதித் தருகிற நற்சான்று பெரிதாக உதவாது. அந்தக் காலத்து வரவுப் பதிவேடு, பாடசாலையில் நடப்பதை எழுதி வைக்கிற சம்பவத்திரட்டுப் புத்தகத்தில் உங்கள் பெயர் வருகிற பக்கம், நேரசூசி, வலயத்தின் கடிதம், இவற்றின் பிரதிகளைத் தேடுங்கள். நேர்முகத் தேர்வுப் புள்ளிகளைத் தகவலறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். தருகிறோமா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். எனக்குக் கீழே புள்ளி எடுத்த ஒருவர் பட்டியலில் இருந்தது எனக்கு அப்படித்தான் தெரிய வந்தது, என் வழக்குக்கு உயிர் வந்ததும் அதனால்தான். "எல்லாரையும் எடுப்போம்" என்று மேடையில் யாரோ சொன்னதை நியாயமான எதிர்பார்ப்பு என்று வாதாடக் கிளம்பாதீர்கள். அதிகாரம் உள்ளவர் சட்டப்படி தந்த வாக்குத்தான் எடுபடும்.

வாட்ஸ்அப் குழுக்களில் இந்தியத் தீர்ப்புகளையும் அனுப்புவார்கள். அவை இங்கே கட்டுப்படுத்தாது. போதாததற்கு, அடிக்கடி சுற்றுகிற 2006ஆம் ஆண்டு உமாதேவி தீர்ப்பு, தற்காலிகமாக வேலை செய்தவருக்கு நிரந்தரமாக்கக் கேட்க உரிமை இல்லை என்றுதான் சொல்கிறது! வாசித்துப் பார்க்காமலே அனுப்புகிறார்கள்.

என் மனு முடியும் முன்பே மறுபடி நேர்முகத் தேர்வு வைக்க ஒத்துக்கொண்டார்கள், வழக்கை மீளப் பெற்றேன், நியமனமும் வந்தது. கடிதத்தில் போட்டிருக்கிற திகதியில் இருந்துதான் சேவை, நான் தொண்டராகப் படிப்பித்த முன்னைய பதினொரு வருடமும் ஓய்வூதியக் கணக்கில் பூச்சியம். அதற்கு இன்னொரு வழக்குப் போட எனக்குத் தெம்பில்லை.

பட்டியல் வந்த திகதியையும், பாடசாலை மாகாணமா தேசியமா என்பதையும் எழுதுங்கள்.