மேரிலிபோன் பிரபுவும் மாநிலங்களவை நாற்காலியும்

கேள்வி: ஜலந்தரில் பிறந்து, லண்டனில் எஃகுத் தொழில் நடத்தி, பிரிட்டிஷ் பிரபுக்கள் சபையின் துணை சபாநாயகர் பதவி வரை உயர்ந்த ஸ்வராஜ் பால் 2025 ஆகஸ்டில் காலமானார். இவரைப் போன்ற வெளிநாடுவாழ் தொழிலதிபர்களை மத்திய அரசே அழைத்து நம் மாநிலங்களவையில் அமர வைத்தால், நம் கட்சிக்காரர்களைவிட நாட்டுக்கு அதிகம் உதவ மாட்டார்களா? (ஒரு வாசகர், காரைக்குடி)

பதில்: முதலில் சட்டத்தைச் சொல்லிவிடுகிறேன். நாடாளுமன்ற உறுப்பினர் இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும் என்கிறது அரசியல் சட்டத்தின் 84ஆவது பிரிவு. பாலோ பிரிட்டிஷ் குடியுரிமை பெற்றவர். குடியரசுத் தலைவர் நியமிக்கும் 12 மாநிலங்களவை இடங்களும் இலக்கியம், அறிவியல், கலை, சமூகப் பணி ஆகிய நான்கு துறையினருக்கே உரியவை; அந்தப் பட்டியலில் தொழிலதிபர் இல்லை. ஆனால் சட்டப் பிரிவைக் காட்டி உங்கள் வாயை அடைப்பது என் நோக்கமன்று. நீங்கள் எடுத்துக்காட்டிய மனிதரின் வாழ்க்கையையே சற்று நிதானமாகப் பார்த்தால், உங்கள் யோசனையில் என்ன கோளாறு என்பது விளங்கிவிடும்.

பாலின் தொழில் திறமையைக் குறைத்துச் சொல்ல முடியாது. ஏபிஜே என்ற குடும்ப நிறுவனத்தில் இருந்தவர், ரத்தப் புற்றுநோய் கண்ட சிறு மகளின் சிகிச்சைக்காக 1966இல் லண்டன் போனார். நான்கு வயதில், 1968இல், அந்தக் குழந்தை இறந்தது. அதே ஆண்டு அங்கேயே எஃகுக் குழாய்த் தொழிலைத் தொடங்கிய அவர், பத்தாண்டுகளில் அதைக் கபாரோ குழுமமாக வளர்த்தார். மகள் அம்பிகாவின் பெயரில் லண்டன் மிருகக்காட்சி சாலையின் குழந்தைகள் பகுதி 1994இல் திறக்கப்பட்டது அவருடைய நன்கொடையால்தான். இதுவரை யாருக்கும் மனத்தாங்கல் இருக்க நியாயமில்லை.

அரசியலுக்கு வருவோம். 1977 தேர்தலில் இந்திரா காந்தி தோற்று, விசாரணைக் கமிஷன்களுக்கு நடையாய் நடந்த காலத்தில், முன்பு அவரைச் சுற்றி நின்றவர்களில் பலர் காணாமற்போனார்கள். பால் போகவில்லை. 1978 நவம்பரில் சிக்மகளூர் இடைத்தேர்தலில் வென்ற கையோடு இந்திரா லண்டன் சென்றபோது, எதிர்ப்பு ஆர்ப்பாட்டங்களுக்கு நடுவில் அவரை வரவேற்று உபசரித்தவர் பால். தோற்றவரோடு துணிந்து நிற்கும் தொழிலதிபர் அபூர்வம் என்பதால் இதை அவர் கணக்கில் வரவாகவே வைக்கிறேன். ஆனால் தோற்றவர் 1980இல் மீண்டும் பிரதமரானதும், அந்த நட்பின் மதிப்பு பங்குச்சந்தையிலேயே தெரிந்தது.

அந்நியச் செலாவணிக்குத் திண்டாடிய அரசு, வெளிநாடுவாழ் இந்தியர்கள் இங்குள்ள நிறுவனங்களின் பங்குகளைச் சந்தையில் வாங்கலாம் என்று 1982இல் கதவைத் திறந்தது. அப்போது நிதியமைச்சர் பிரணாப் முகர்ஜி. ஒருவர் ஒரு நிறுவனத்தில் ஒரு சதவீதத்துக்கு மேல் வாங்கக் கூடாது என்பது விதி. பால் என்ன செய்தார் தெரியுமா? தம் கட்டுப்பாட்டில் இருந்த 13 கம்பெனிகளின் பெயரில், ஒவ்வொன்றும் ஒரு சதவீத வரம்புக்குள் நிற்கும்படி, எஸ்கார்ட்ஸ், டி.சி.எம். ஆகிய இரு பெரிய டெல்லி நிறுவனங்களின் பங்குகளை வாங்கிக் குவித்தார். பதறிப்போன இரு நிர்வாகங்களும் பங்கு மாற்றத்தைத் தங்கள் பதிவேட்டில் ஏற்ற மறுத்துவிட்டன. இந்தப் பங்கு மோதல் நடந்த 1983ஆம் ஆண்டிலேயே பாலுக்குப் பத்ம பூஷண் விருதும் வழங்கப்பட்டது என்பதைப் போகிற போக்கில் சொல்லி வைக்கிறேன்.

பால் எழுப்பிய கேள்வி நியாயமானது என்றே இன்றும் நினைக்கிறேன். மிகக் குறைந்த பங்குகளை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, எல்.ஐ.சி. போன்ற பொது நிறுவனங்களின் பணத்தில் பெரிய கம்பெனிகளைப் பரம்பரைச் சொத்துபோல் ஆண்டுகொண்டிருந்த குடும்பங்களை, ‘நீங்கள் உண்மையில் எத்தனை சதவீதத்துக்குச் சொந்தக்காரர்கள்?’ என்று அதுவரை யாரும் சந்தையில் நின்று கேட்டதில்லை. தொழிலதிபர் சங்கங்கள் கூக்குரலிட்டதும், வெளிநாடுவாழ் இந்தியர்கள் அனைவரும் சேர்ந்து ஒரு நிறுவனத்தில் 5 சதவீதத்துக்கு மேல் வாங்கக் கூடாது என்று அரசு 1983இலேயே இன்னொரு வரம்பைக் கொண்டுவந்ததும், அவர் எந்த இடத்தில் கைவைத்தார் என்பதைக் காட்டின.

பால் பங்குகளை வாங்கியது செல்லாது என்று எஸ்கார்ட்ஸ் நிர்வாகம் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனது. இதற்கிடையில் எல்.ஐ.சி., தானும் ஒரு பங்குதாரர் என்ற முறையில், எஸ்கார்ட்ஸ் இயக்குநர்களில் ஒன்பது பேரை நீக்குவதற்காகச் சிறப்புப் பொதுக்கூட்டம் கூட்டும்படி நோட்டீஸ் கொடுத்தது. உயர் நீதிமன்றம் எஸ்கார்ட்ஸ் பக்கம் தீர்ப்பளிக்க, உச்ச நீதிமன்றம் 1985 டிசம்பரில் அதைப் புரட்டிப் போட்டது. பங்குதாரர் கூட்டம் கூட்டி இயக்குநரை மாற்ற நினைத்தால் அதற்குக் காரணம் சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை என்றும், அந்தப் பங்குதாரர் அரசு நிறுவனமாகவே இருந்தாலும் இதுதான் நிலை என்றும் நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய அந்தத் தீர்ப்பு, இன்றும் கம்பெனிச் சட்டம் படிப்பவர்களுக்குப் பாடம். 13 கம்பெனிகள் வழியே வாங்கியதும் செல்லும் என்று ஆயிற்று.

ஆனால் வழக்கில் வென்ற பக்கம் கம்பெனியைப் பிடித்ததா என்றால், இல்லை. 1984 அக்டோபரில் இந்திரா கொல்லப்பட்டார். அந்த ஆண்டு இறுதியில் பிரணாப் அமைச்சரவையில் இல்லை. ராஜீவ் காந்தியிடம் பாலுக்குப் பழைய செல்வாக்கு இல்லை. கடைசியில் அவர் பங்குகளை விற்றுவிட்டு வெளியேறினார். தீர்ப்பு வாங்கிய பிறகும் அதைப் பயன்படுத்த டெல்லியில் ஓர் ஆள் தேவைப்பட்டது. அந்த ஆள் போனதும் பாலின் பிடியும் தளர்ந்தது. பங்குகளை வாங்கிக் குவித்து ஒரு நிறுவனத்தைக் கைப்பற்ற முனைவது எப்படி நடக்க வேண்டும் என்பதற்கு முறையான விதிகளை, பங்குச்சந்தையை ஒழுங்குபடுத்தும் அமைப்பான செபி 1994இல்தான் கொண்டுவந்தது. அந்த விதிகள் பத்தாண்டு முன்பே இருந்திருந்தால், பாலுக்குப் பிரதமரின் நட்பு தேவைப்பட்டிருக்காது. எதிர்த்தவர்களுக்கும் ‘பிரதமரின் ஆள்’ என்று அவரைத் தூற்ற வழி இருந்திருக்காது.

லண்டன் அத்தியாயத்துக்கு வருகிறேன். தொழிலாளர் கட்சியின் ஆதரவாளராகவும் நன்கொடையாளராகவும் இருந்தவர், 1996இல், லண்டனின் ஒரு பகுதியான மேரிலிபோனின் பெயரால் மேரிலிபோன் பிரபுவாகி மேலவையில் அமர்ந்தார். ‘துணை சபாநாயகர்’ என்றதும் நம் மக்களவைப் பதவியை மனத்தில் வைத்துப் பெருமைப்பட வேண்டாம். அங்கே ஒரே சமயத்தில் பலர் அந்தப் பொறுப்பில் இருந்து முறைவைத்து அவையை நடத்துவார்கள். இந்திய வம்சாவளியினரில் அந்த வரிசையில் முதலில் இடம்பெற்றவர் அவர் என்ற சிறப்பு, 2008இல் கிடைத்தது; அடுத்த ஆண்டே மன்னராட்சியின் ஆலோசனை மன்றத்திலும் இடம் கிடைத்தது. எல்லாம் நியமனம். இங்கேயும் சரி, அங்கேயும் சரி, ஒரு வாக்காளரின் வாசற்படியை அவர் ஒருமுறைகூட மிதித்து வாக்குக் கேட்டதில்லை.

பிறகு ஓட்டல் விவகாரம் வந்தது. லண்டனுக்கு வெளியே வசிக்கும் பிரபுக்களுக்குத் தங்கும் செலவுக்கான படி அப்போது உண்டு. பால், ஆக்ஸ்ஃபோர்டுஷையரில் தம் குழுமத்துக்குச் சொந்தமான ஓர் ஓட்டலில் இருந்த குடியிருப்பைத் தம் பிரதான வீடாகக் காட்டி, சுமார் 38,000 பவுண்டு பெற்றிருந்தார். அந்தக் குடியிருப்பில் ஓர் இரவுகூடத் தூங்கியதில்லை என்பதை அவரே ஒப்புக்கொண்டார். பெருங்கோடீஸ்வரருக்கு அந்தப் பணம் எதற்கு என்ற வியப்பு எனக்கும் உண்டு. நேர்மையற்ற நோக்கம் இருந்ததாக மேல்முறையீட்டுக் குழு முடிவு கட்டவில்லை. மிகுந்த பொறுப்பின்மையும் அலட்சியமும் என்றுதான் சொன்னது. பணத்தைத் திருப்பிச் செலுத்திய பிறகும், 2010 அக்டோபரில் நான்கு மாதங்களுக்கு அவையிலிருந்து இடைநீக்கம் செய்யப்பட்டார். ஆலோசனை மன்ற உறுப்பினர் என்று பார்த்து யாரும் கணக்கைத் தள்ளுபடி செய்யவில்லை என்பதை அந்த அவைக்குச் சாதகமாகச் சொல்லத்தான் வேண்டும். ஐந்தாண்டு கழித்து, 2015இல், எஃகு விலைச் சரிவில் கபாரோவின் பிரிட்டிஷ் கிளைகளில் பெரும்பாலானவை திவால் நிர்வாகத்துக்குப் போய், சுமார் 1,700 தொழிலாளர்கள் தவித்த வேளையில், மேரிலிபோன் பிரபு என்ற பட்டம் அவருக்கோ அவர்களுக்கோ எந்த வகையிலும் கைகொடுக்கவில்லை.

தொழிலதிபரை மாநிலங்களவையில் அமர வைக்கும் பரிசோதனையை நாம் செய்து பார்க்காமலும் இல்லை. விஜய் மல்லையா கர்நாடகத்திலிருந்து 2002, 2010 என இருமுறை அங்கே தேர்வானார். சொந்தமாக விமான நிறுவனம் நடத்திக்கொண்டே உறுப்பினராகவும் இருந்தார். அந்த விமானங்கள் 2012இல் பறப்பதையே நிறுத்தின. வங்கிகள் 9,000 கோடி ரூபாய்க்கு மேல் பாக்கி என்று கணக்குச் சொல்லிக்கொண்டிருக்க, 2016 மார்ச்சில் உறுப்பினர்களுக்குரிய ராஜதந்திரக் கடவுச்சீட்டோடு அவர் லண்டனுக்குக் கிளம்பிவிட்டார். பால் போன திசையும் அதுதான். போன காரணம் மட்டும் வேறு.

வெளிநாடுவாழ் தொழிலதிபர்கள் இங்கே முதலீடு செய்யட்டும், பங்குகளை வாங்கட்டும், தூங்கிவழியும் நிர்வாகங்களை உலுக்கட்டும். அதற்கு அவர்களுக்குத் தேவை எல்லாருக்கும் பொதுவான விதிகள். அரசின் அழைப்பிதழ் அன்று. அரசியலில்தான் ஆசை என்றால் குடியுரிமையை மீட்டுக்கொண்டு, வாக்காளர் பட்டியலில் பெயரைச் சேர்த்து, ஏதேனும் ஒரு நகராட்சி வார்டில் வேட்புமனு தாக்கல் செய்யட்டும். நீங்கள் குறை சொல்லும் கட்சிக்காரரும் அங்கேதான் தொடங்கியிருப்பார்.