நகானுவின் வழியில் தம்பியை அனுப்பலாமா?

வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: என் தம்பிக்கு இருபத்தொரு வயது. மகாவலி மணல் ஏற்றும் டிப்பர்களில் கூலிக்குப் போகிறான். கமரூன் நாட்டு வீரர் பிரான்சிஸ் நகானுவும் சிறு வயதில் மணல் அள்ளியவர்தானே, அவர் உலகச் சம்பியன் ஆகவில்லையா என்று கேட்டுக்கொண்டு, ஏஜென்சிக்காரர் ஒருவரைப் பிடித்து எப்படியாவது ஐரோப்பாவுக்குப் போய்விட வேண்டுமென்று நிற்கிறான். அவனுக்கு நான் என்ன பதில் சொல்வது?
– ஒரு வாசகி, மூதூர்

பதில்: தங்கள் தம்பி சொல்வதில் பொய் இல்லை, ஆனால் கதையில் பாதியைத்தான் அவர் எடுத்துக்கொண்டிருக்கிறார். நகானு 1986ஆம் ஆண்டு கமரூனின் மேற்குப் பகுதியிலுள்ள பாட்டியே என்ற ஊரில் பிறந்தவர். பத்துப் பன்னிரண்டு வயதிலேயே மணற்குழியில் இறங்கி மண்வெட்டி பிடித்தவர். மைக் டைசனைப் போல் குத்துச்சண்டை வீரராக வேண்டும் என்ற ஆசை சிறு வயதிலேயே இருந்தபோதிலும், முறையாகப் பயிற்சியைத் தொடங்கியபோது அவருக்கு வயது 22 ஆகியிருந்தது. குத்தும் உதையும் மல்யுத்தப் பிடியும் கலந்த கலப்புத் தற்காப்புக் கலை, அதாவது நம் இளைஞர்கள் எம்.எம்.ஏ. என்று சொல்லும் விளையாட்டு, அப்போது அவருடைய எண்ணத்திலேயே இல்லை.

2012இல் ஊரை விட்டுப் புறப்பட்ட அவர், நைஜீரியா, நைஜர், அல்ஜீரியா வழியாகச் சகாராவைக் கடந்து மொரோக்கோவை அடைந்து, அங்கே குப்பையில் கிடைத்ததைத் தின்று நாட்களைக் கழித்து, ஸ்பெயினுக்குள் நுழையப் பலமுறை முயன்று பிடிபட்டு, கடைசியில் நுழைந்தபோதும் அங்கே இரண்டு மாதங்கள் அடைத்து வைக்கப்பட்டார். அதே 2012இல் நம் கிழக்குக் கரையிலிருந்தும் மீன்பிடிப் படகுகள் ஆஸ்திரேலியாவை நோக்கிப் போய்க்கொண்டிருந்தன. போனவர்களில் எத்தனையோ பேர் நவுறுத் தீவில் முடங்கியதையும், வேறு பலர் விமானத்தில் திருப்பி அனுப்பப்பட்டதையும், வட்டிக்கு வாங்கிய பணமும் அடகு வைத்த நகையும் மீளாமலே போனதையும் இந்த மாவட்டத்தில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. அந்தப் பாலைவன வழியில் நகானுவோடு நடந்தவர்களின் பெயர்கள் யாருக்கும் தெரியாது என்பதைத் தம்பி ஒருகணம் யோசிக்கட்டும்.

ஸ்பெயினிலிருந்து பாரிஸ் போன நகானு, அங்கே வாகனத் தரிப்பிடமொன்றில் படுத்துறங்கியவர். குத்துச்சண்டை பழகத்தான் பயிற்சிக்கூடம் தேடினார், எம்.எம்.ஏ.யில் முயன்று பார்க்கும்படி அங்கேதான் அவருக்குச் சொல்லப்பட்டது. பெர்னான்ட் லோபெஸ் என்ற பயிற்சியாளர் கையுறையும் கொடுத்துத் தமது கூடத்திலேயே தங்குவதற்கும் இடங்கொடுத்தார். 2013இன் முடிவில் முதல் தொழில்முறைப் போட்டி. 2015 டிசெம்பரில், எம்.எம்.ஏ. போட்டிகளை நடத்தும் மிகப் பெரிய அமெரிக்க நிறுவனமான யு.எஃப்.சி.யின் அரங்கு. அதன்பின் எதிரிகள் ஒருவர் பின் ஒருவராக அவர் குத்துக்குச் சரிந்தார்கள்.

தம்பி கட்டாயம் பார்க்க வேண்டியது அந்த வெற்றிகளை அல்ல, 2018 ஜனவரியில் நடந்த போட்டியை. அப்போதைய சம்பியன் ஸ்டீபே மியோசிச்சை எதிர்த்து முதற் சுற்றில் ஆவேசமாகக் கைகளை வீசிய நகானு, ஐந்து நிமிடம் முடிவதற்குள்ளேயே மூச்சு வாங்கத் தொடங்கினார். மியோசிச்சோ குனிந்து காலைப் பிடித்துத் தரையில் வீழ்த்துவார், மேலே படுத்துத் தன் பாரம் முழுவதையும் இறக்குவார். நகானு எழுவார், மீண்டும் வீழ்வார். ஐந்து சுற்றுகளும் இப்படியே கழிய, மூன்று நடுவர்களும் மியோசிச்சுக்கே 50–44 என்று புள்ளி எழுதினார்கள். மணற்குழி கொடுத்த தோள்வலு முழுவதும் அன்று அவரிடம் இருந்தது; பிடிபட்டால் விலகவும் விழுந்தால் எழும்பவும் தெரியாதவருக்கு அதனால் பயன் இருக்கவில்லை. அடுத்த போட்டியில் டெரிக் லூயிசுக்கு எதிராக அவர் கையை நீட்டவே தயங்கினார், அதிலும் தோற்றார்.

பிறகு அவர் மல்யுத்தத்தைப் பழகினார். 2021 மார்ச் 27ஆம் திகதி லாஸ் வேகாஸில் அதே மியோசிச் அதே போலக் காலுக்குப் பாய்ந்தபோது, நகானு இடுப்பைப் பின்னுக்கு எறிந்து அவர்மேல் சாய்ந்து அந்தப் பிடியை முறித்தார். இரண்டாம் சுற்றில் நொக் அவுட் செய்து பட்டத்தைப் பெற்றார். மறு வருடம் சிரில் கான் என்ற பிரெஞ்சு வீரருடன் மோதியபோது முழங்காலில் காயம் இருந்தது. முதல் இரண்டு சுற்றுகளும் கைவிட்டுப்போயின. மூன்றாவதிலிருந்து அவரே எதிரியைத் தூக்கி வீழ்த்தி, புள்ளிகளில் வென்றார். என்னைக் கேட்டால் அவருடைய ஆகச் சிறந்த வெற்றி இதுதான், ஒருவரையும் மயங்கி விழச்செய்யாத வெற்றி.

ஆகவே தம்பியிடம் இப்படிச் சொல்லுங்கள். வலு அவரிடம் ஏற்கெனவே இருக்கிறது. பிடியும் மூச்சும் இல்லை. இரண்டையும் மல்யுத்தமோ ஜூடோவோ குத்துச்சண்டையோ பழகித்தான் பெறலாம். இவை மூன்றும் இலங்கையில் முறையாக நடக்கும் விளையாட்டுகள். பிரதேச செயலகத்து விளையாட்டு உத்தியோகத்தரைக் கேட்டால், பயிற்சி எங்கே நடக்கிறது என்பதை அறியலாம். ஏஜென்சிக்காரருக்குக் கொடுக்கவிருக்கும் பணத்தில் மிகச் சிறு பங்கு போதும், இரண்டு வருடம் ஒழுங்காகப் பயிற்சிக்குப் போய்வர. தேர்ச்சி வந்தபின் வெளியே போக நேர்வழியும் உண்டு: ஆசிய வீரர்களுக்காக யு.எஃப்.சி. 2022இல் தொடங்கிய தெரிவுப் போட்டியில் உத்தரகண்டைச் சேர்ந்த அன்ஷுல் ஜுப்லி வென்று, 2023 பெப்ரவரியில் ஒப்பந்தம் பெற்றார். அவர் எந்தப் பாலைவனத்தையும் நடந்து கடக்கவில்லை.

கேள்வி: எம்.எம்.ஏ. என்று கூண்டுக்குள் அடைத்துவைத்து ஒருவரையொருவர் அடிக்கவிடுவதை விளையாட்டு என்று எப்படிச் சொல்கிறீர்கள்? இது சண்டித்தனம் இல்லையா?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், உவர்மலை

பதில்: சண்டித்தனத்துக்கு எடைப்பிரிவும் நேரக்கணக்கும் கிடையாது, ஐயா. இதில் ஒரு சுற்று ஐந்து நிமிடம். சாதாரணப் போட்டிக்கு மூன்று சுற்று, பட்டப் போட்டிக்கு ஐந்து. கண்ணில் விரல் விடுதல், தலையால் முட்டுதல், பிடரியில் அடித்தல், விழுந்தவரின் தலையில் உதைத்தல் ஆகியவை குற்றம். தாங்க முடியாதவர் கையால் தட்டினால் அக்கணமே போட்டி முடிந்துவிடும். இருந்தாலும் தங்கள் தயக்கத்தை நான் தள்ளிவிடவில்லை. மூளைக்குப் படும் அடி, விதியைப் பார்த்துப் படுவதில்லை. நகானுவை வளர்த்த பிரான்ஸ்கூட 2020இல்தான் இந்த விளையாட்டை முறைப்படி ஏற்றது.

கேள்வி: பதினாறு வயது மகள் கராத்தே பழகுகிறாள். பெண்களுக்கும் எம்.எம்.ஏ.யில் இடமுண்டு என்கிறாள். உண்மையா?
– ஒரு தாய், நிலாவெளி

பதில்: உண்மைதான், அம்மா. உத்தரப் பிரதேசத்தின் புதானா என்ற சிற்றூரில் பிறந்த பூஜா தோமர் சீனத் தற்காப்புக் கலையான வூஷூவில் தேர்ந்து, பின்னர் எம்.எம்.ஏ.க்கு வந்து, 2024 ஜூன் 8ஆம் திகதி அமெரிக்காவின் லூயிவில் நகரில் வென்றார். யு.எஃப்.சி.யில் வென்ற முதல் இந்தியப் பெண் அவர். அன்று மூன்று நடுவர்களில் ஒருவர் எதிராளிக்கே புள்ளி கொடுத்தார் என்பதிலிருந்து அது எத்தனை நெருக்கமான போட்டி என்பது விளங்கும். அடுத்த வருடம் லண்டனில், கைமூட்டை எதிர்ப்புறமாக வளைக்கும் பிடியில் சிக்கித் தோற்றார். அடிப்பதிலும் உதைப்பதிலும் வளர்ந்தவர்களுக்கு, கராத்தேப் பிள்ளைகளுக்கும் சேர்த்துத்தான், இந்தத் தரைப்பிடிதான் பெரிய குறை. மகள் ஜூடோவையும் இப்போதே சேர்த்துப் பழகட்டும். தலையில் பலமாக அடிபடும் பயிற்சிச் சண்டை இந்த வயதில் வேண்டாம். இன்னொன்று: பூஜா மோதும் பிரிவின் எல்லை 52 கிலோ. அதற்குள் அடங்குவதற்காக வளரும் பிள்ளையைத் தண்ணீர் குடிக்காமல் இருக்கச் சொல்கிற பயிற்சியாளர் எவரானாலும், அன்றைக்கே மகளை வீட்டுக்கு அழைத்து வந்துவிடுங்கள்.