‘இது கேரளாவா?’ – கடிதம்

அன்புள்ள அண்ணாச்சிக்கு,

வணக்கம். மார்த்தாண்டம் பக்கம் ஒரு பள்ளியில் ஓவிய ஆசிரியையாக இருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் நம் குமரி மாவட்டத்தை நீர்வண்ணத்தில் வரைவேன். நாலு வருஷத்தில் நாற்பது படம் சேர்ந்துவிட்டது. போன மாதம் சென்னையில் தோழிகளோடு சேர்ந்து ஒரு கண்காட்சி வைத்தோம். அதில் என் படங்கள் பன்னிரண்டு. பார்க்க வந்தவர்களில் பாதிப் பேர் கேட்டது ஒரே கேள்வி: “இது கேரளாவா?” வள்ளுவர் சிலை இருந்த ஒரு படத்தை மட்டும் எல்லோரும் சரியாகச் சொன்னார்கள். விற்றதும் அது ஒன்றுதான். சிலையும் பாறையும் இல்லாமல் குமரியைக் குமரி என்று காட்ட முடியாதா? பெரிய ஓவியர்கள் ஓர் ஊரை எப்படித்தான் பிடிக்கிறார்கள்? நாலு படங்களை இணைத்திருக்கிறேன். நாலாவது, மிச்சக் காகிதத்தில் வீட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து கிறுக்கியது. அதைக் கணக்கில் எடுக்க வேண்டாம்.

என் பெயரைப் போடாதீர்கள்.

ஒரு வாசகி

*

அன்புள்ள தங்கைக்கு,

முதலில் அந்தச் சென்னைக்காரர்களைக் கோபித்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் கேட்டதில் பாதி சரிதான். 1956 நவம்பர் 1 வரைக்கும் நாம் திருவிதாங்கூர்-கொச்சியில்தானே இருந்தோம்? பத்மநாபபுரம் அரண்மனையை இன்றும் கேரளத்துத் தொல்லியல் துறைதான் பார்த்துக்கொள்கிறது. நம் விளவங்கோட்டு ரப்பர் தோட்டத்தையும் கேரளத்து நெய்யாற்றின்கரை ரப்பர் தோட்டத்தையும் வரைந்து பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், எது எதென்று எனக்கே தெரியாது. தென்னை, குளம், மலை, ஓட்டு வீடு என்று சாமான்களை அடுக்கிக் காட்டினால், பார்ப்பவர் தனக்குத் தெரிந்த ஊரின் பெயரைத்தான் சொல்வார்.

சிலையும் உங்களுக்குப் பெரிதாக உதவவில்லை. 133 அடி வள்ளுவர் 2000 ஜனவரி 1ஆம் தேதியிலிருந்து அங்கே நிற்கிறார். விவேகானந்தர் மண்டபம் 1970இல் வந்தது. படத்தில் அவை இருந்தால் ஊரின் பெயர் தெரியும், அவ்வளவுதான். பேருந்தின் பெயர்ப்பலகை செய்கிற வேலை அது.

இரண்டும் இல்லாத காலத்திலும் குமரியை வரைய ஆள் வந்ததுண்டு. தாமஸ் டேனியல், அவருடைய உடன்பிறந்தாரின் மகன் வில்லியம் டேனியல் என்று இரண்டு ஆங்கில ஓவியர்கள் 1792இல் தெற்கே புறப்பட்டார்கள். கையில் கேமரா அப்ஸ்குரா என்றொரு பெட்டி. எதிரே இருப்பதன் பிம்பம் அதில் விழும், அதன்மேல் கோடு இழுத்துக்கொள்ளலாம். ஊருக்குத் திரும்பிப் போய் ‘ஓரியண்டல் சீனரி’ என்று 144 அச்சுப்படங்களாக வெளியிட்டார்கள். அதில் ஒரு படத்தின் தலைப்பு ‘கேப் காமரின்’. கூடவே, களக்காட்டுக்கு அருகிலிருந்து வரைந்தது என்று ஒரு குறிப்பு. களக்காடு எங்கே, குமரிமுனை எங்கே! நேர்கோட்டில் அளந்தாலும் நாற்பது கிலோமீட்டருக்கு மேல் வரும். பெட்டி கோட்டைத் தப்பாமல் போட்டுக் கொடுத்தது, ஊரை மட்டும் கொஞ்சம் தள்ளிப் போட்டுவிட்டது. அவர்களைக் குறை சொல்லவில்லை. வழிப்போக்கர்கள் அப்படித்தான் வரைய முடியும். நீங்கள் வழிப்போக்கர் இல்லையே.

என் அக்காவின் கல்யாணப் படம் ஒன்று எங்கள் வீட்டில் இருக்கிறது. நாகர்கோவிலில் ஒரு ஸ்டூடியோவில் எடுத்தது. பின்னால் தொங்கிய திரையில் பனிமலை, ஏரி, இரண்டு அன்னங்கள். அத்தான் முகத்தில் தெரிவது கல்யாணக் கூச்சமா, அந்தக் குளிரா என்று நாங்கள் கேலி செய்வோம். அந்தப் படத்தில் நம்மூர் என்று சொல்ல இருப்பது ஒன்றே ஒன்று, அக்கா தலையில் இருக்கும் தோவாளைப் பிச்சிப்பூ. ஓரத்தில் நாலைந்து மொட்டுகள் இன்னும் விரியாமல் இருக்கின்றன. படம் எடுத்தது சாயங்காலத்துக்கு முன்பு என்று பூவே சொல்லிவிடுகிறது.

இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், நானும் உங்கள் தப்பைச் செய்து ஒரு நல்ல ஆளிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவன்தான். என் ஆரம்ப காலக் கதை ஒன்றில் அகஸ்தீஸ்வரம் பக்கத்துப் பனங்காடு வரும். பனை, கலயம், அருவாள், இடுப்பில் தொங்கும் பெட்டி, எல்லாம் சரியாக எழுதியிருந்தேன். ரொம்பப் பெருமை. கதையை ஒரு வயதான பனையேறிக்கு அவருடைய பேரன் வாசித்துக் காட்டியிருக்கிறான். பிறகு ஒரு நாள் என்னைப் பார்த்தபோது அவர் கேட்டார்: “ஐப்பசி அடமழையில எந்தப் பனையில மக்களே அக்கானி வடிஞ்சுது?” அக்கானி என்றால் பதநீர். அவ்வளவுதான் கேட்டார். மாசி, பங்குனியில் வைக்க வேண்டிய காட்சியை, மழை அழகாக இருக்குமே என்று ஐப்பசியில் வைத்துவிட்டேன். இத்தனை வருஷத்தில் எந்த விமர்சகரும் அதைக் கண்டுபிடிக்கவில்லை.

இங்கிலாந்தில் ஜான் கான்ஸ்டபிள் என்று ஓர் ஓவியர் இருந்தார். ஸ்டவர் ஆற்றங்கரைக்காரர். அப்பாவுக்குச் சொந்தமாக மாவு ஆலைகள். இவரும் கொஞ்ச காலம் ஆலையில் வேலை பார்த்தவர். அவருடைய தம்பி சொன்னதாக ஒரு பேச்சு உண்டு: ஜான் வரைந்த ஆலையைப் பார்த்தால் அது சுற்றும் என்று தெரியும், மற்றவர்கள் வரைந்தது எப்போதும் அப்படி இருப்பதில்லை. என் பனையேறி தாத்தாவும் அந்தத் தம்பியும் ஒரே வகுப்பில் படித்தவர்கள் என்று தோன்றும். இந்தக் கான்ஸ்டபிள் 1821லும் 1822லும் லண்டனுக்கு வடக்கே ஹாம்ப்ஸ்டெட் மேட்டில் உட்கார்ந்து வெறும் மேகங்களாக வரைந்து தள்ளினார். பல படங்களின் பின்பக்கத்தில் தேதி, மணி, காற்று எந்தத் திசையிலிருந்து அடித்தது என்றெல்லாம் குறித்து வைத்தார். ஊரைப் பிடிப்பதற்கு அவர் கண்ட வழி, நேரத்தைப் பிடிப்பது.

இது நமக்குப் புதிய சங்கதியா? “முதல் எனப்படுவது நிலம் பொழுது இரண்டின் இயல்பு” என்று தொல்காப்பியம் சொல்லிவிட்டது. நிலத்தை மட்டும் சொன்னால் முதற்பொருள் ஆகாது, பொழுதும் சேர வேண்டும். நெய்தலுக்கு எற்பாடு, அதாவது பொழுது சாயும் நேரம்; மருதத்துக்கு விடியல், முல்லைக்குக் கார்காலத்து மாலை, குறிஞ்சிக்கு நள்ளிரவு. தொல்காப்பியத்தைக் கேட்டு ஒப்புதல் கொடுத்த அதங்கோட்டாசான் நம் அதங்கோட்டுக்காரர் என்பது நம்மூர் நம்பிக்கை. உங்களுக்கு அடுத்த ஊர்தானே, ஒரு ஞாயிற்றுக்கிழமை போய்விட்டு வாருங்கள்.

பிரெஞ்சு ஓவியர் மோனே செய்ததும் இதுதான். பிரான்சில் ழிவெர்னியில் தன் வீட்டுக்குப் பக்கத்து வயலில் நின்ற படப்புகளை, அதாவது கதிர்ப் போர்களை, 1890-91இல் இருபத்தைந்து தடவைக்குக் குறையாமல் வரைந்தார். வெளிச்சம் மாற மாற ஒரு ஓவியத் துணியை எடுத்து வைத்துவிட்டு அடுத்ததை மாட்டுவார். படப்பு எல்லா ஊரிலும் உண்டு, நாஞ்சில் நாட்டில் இல்லாத படப்பா? ஆனால் பனி படிந்து ஓரம் மட்டும் சூரியன் பட்ட அந்தப் படப்பு அந்த வயலில் அந்த மணிக்கு மட்டும்தான் இருந்தது.

இவர்களையெல்லாம்விட உங்களுக்கு நான் சிபாரிசு செய்வது வங்காள ஓவியர் வினோத் பிஹாரி முகர்ஜியை. பிறவியிலேயே ஒரு கண் தெரியாது, மற்றதிலும் கிட்டப்பார்வை. 1940இல் சாந்திநிகேதனில் மாணவர் விடுதியின் உட்கூரையில் சுற்றுப்புற வீர்பூம் நாட்டை வரைந்தார். நடுவில் ஒரு குளம். அதைச் சுற்றி மரங்கள், வீடுகள், மாடுகள், அவரவர் வேலையில் ஆட்கள். ‘இங்கிருந்து பார்’ என்று நிற்க ஓர் இடம் கிடையாது. கழுத்தை அண்ணாந்து நீங்கள்தான் சுற்றி வர வேண்டும், ஊரில் குளத்தைச் சுற்றி நடப்பது மாதிரியே. காட்சி என்று சட்டம் போட்டு வெட்டி எடுக்கும்போது ஊரில் எது வெளியே நின்றுவிடுகிறது என்பது அதைப் பார்த்தால் புரியும்.

சரி, உங்கள் படங்களுக்கு வருகிறேன்.

மாத்தூர் தொட்டிப்பாலம். தூண்கள் கம்பீரம், மறுக்கவில்லை. ஆனால் பறளியாற்றுக்கு மேலே நூறடிக்கும் அதிகமான உயரத்தில் அந்தத் தொட்டி எதற்கு நிற்கிறது? ஒரு மலையிலிருந்து எதிர்மலைக்குத் தண்ணீர் கொண்டுபோக. உங்கள் படத்தில் தொட்டியில் தண்ணீர் இருப்பதற்கான அடையாளமே இல்லை. கீழே நின்று வரைந்ததால் தெரியாது என்பீர்கள். அப்படியானால் மேலே ஏறுங்கள்.

முட்டம். கடல் காலண்டர் நீலம், மணல் ஒரே மஞ்சள். முட்டத்திலிருந்து மணவாளக்குறிச்சி எத்தனை தூரம்? அங்கே போய்க் கரையில் குந்தியிருந்து ஓர் அலை திரும்பிப் போவதை மட்டும் பாருங்கள். லேசான மணலை அலை இழுத்துக்கொண்டு போகும். கனமான கருமணல் போகாமல் தங்கி வரிவரியாகப் படியும். வரியின் ஓரத்தில் மாதுளை முத்துப் பொடித்தது போலச் சிவப்பு ஓடும். கருப்பு இல்மனைட், சிவப்பு கார்னெட். அரசாங்கத்தின் அருமணல் ஆலை அங்கே இருப்பதே இந்த மண்ணுக்காகத்தான். குமரிமுனைக் கடைகளில் சுற்றுலாக்காரர்களுக்கு வர்ண மணல் என்று பொட்டலம் கட்டி விற்கிறார்கள். அதை நாலு வருஷமாகக் கரையில் உட்கார்ந்து வரைந்த நீங்கள் பார்க்கவில்லை என்றால், தங்கையே, நீங்கள் பார்த்துக்கொண்டிருந்தது கடலை இல்லை, தாளை.

மூன்றாவது, பூதப்பாண்டிப் பக்கத்து வயல். இது என் ஊர், அதனால் கொஞ்சம் கறாராகச் சொல்கிறேன். நெல் முழங்கால் உயரம், கண்ணைப் பறிக்கும் பச்சை. பின்னால் மலை, மடிப்பு மடிப்பாகத் துல்லியம். இங்கே கன்னிப்பூ, கும்பப்பூ என்று இரண்டு பூ, அதாவது இரண்டு போகம். கன்னிப்பூப் பயிர் இந்த உயரத்தில் நிற்கும்போது சாரல் காலம், மலை பெரும்பாலும் மேகத்துக்குள் இருக்கும். மலை இப்படிக் கழுவி வைத்த மாதிரி தெரிவது தை மாதம். அப்போது கும்பப்பூ நெல் பழுத்துத் தலை சாய்ந்திருக்கும். ஆக, ஒன்றில் உங்கள் மலை பொய், இல்லையென்றால் வயல் பொய். வயலை நேரில் போட்டுவிட்டு மலையை வேறொரு நாள் எடுத்த போட்டோவைப் பார்த்துப் போட்டீர்கள், சரிதானே? சென்னைக்காரருக்கு இந்தக் கணக்கெல்லாம் தெரியாதுதான். ஆனால் எங்கோ ஒட்டவில்லை என்று அவர் கண்ணுக்குப் பட்டிருக்கும். ஒட்டாத படத்தை ஆட்கள் சுற்றுலா விளம்பரத்தோடு சேர்த்துவிடுவார்கள்.

நாலாவது, நீங்கள் கணக்கில் எடுக்க வேண்டாம் என்ற படம். கொடியில் ஐந்து ரப்பர் ஷீட். கீழே ஒரு அலுமினியப் பாத்திரம், பக்கத்தில் கவிழ்த்து வைத்த சிரட்டைகள், பின்னால் மதில். இந்தப் படத்தை நான் அரை மணி நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். மூன்று ஷீட் பால் வெள்ளை, அடியில் தண்ணீர் சொட்டுகிறது. இரண்டு ஷீட் தேன் நிறத்துக்குத் திரும்ப ஆரம்பித்துவிட்டது, அதுவும் ஓரத்திலிருந்து உள்ளே. நடுவில் இன்னும் வெள்ளை மிச்சம் இருக்கிறது. அந்த இரண்டும் முந்தியவை, மூன்றும் அன்றைக்கு ரோலரில் அடித்தவை. அப்படியானால் ரப்பர் மரத்தில் அடுத்தடுத்து பால் வெட்டு நடந்திருக்கிறது, விடிகாலையில் மழை இல்லை. மதிலில் பாசி கீழ்ப்பாதி கரும்பச்சை, மேலே காய்ந்து பழுப்பு. மழை விட்டுக் கொஞ்ச நாள்தான் ஆகியிருக்கிறது. கார்த்திகைக் கடைசி, இல்லை மார்கழி பிறந்திருக்கும். நிழல் விழுந்திருப்பதைப் பார்த்தால் பின்மதியம். இத்தனையையும் நீங்கள் யோசித்து வரையவில்லை, கண் எதிரே இருந்ததால் கை போட்டிருக்கிறது.

இதைப் பார்த்தும் ஒருவர் “கேரளாவா?” என்று கேட்கலாம். கேட்கட்டும். நீங்கள் “இல்லை, எங்கள் வீட்டுப் பின்புறம்” என்று சொல்லலாம்.

ஒன்று விட்டுப்போயிற்று. பத்மநாபபுரம் அரண்மனை மேல்மாடிச் சுவரில் பழைய ஓவியங்கள் உண்டு. சாமி படங்கள்தான், மலையும் வயலும் யாரும் வரைந்து வைக்கவில்லை. ஆனால் அந்த மரபில் சிவப்பும் மஞ்சளும் காவிக்கல்லை அரைத்து எடுப்பது, கருப்பு எண்ணெய் விளக்கின் கரி, பச்சை அவுரியோடு ஒரு மரப்பிசினின் மஞ்சளைக் கலப்பது. ஊரை வரையாமல், ஊரை அரைத்துப் பூசியிருக்கிறார்கள். உங்கள் பெட்டியில் இருக்கும் பச்சை டியூப் எந்த ஊர்ப் பச்சையோ! அதை நேராகத் தாளில் வைக்காதீர்கள். களியக்காவிளையிலிருந்து குமரிமுனைக்கு ஒரு தடவை பேருந்தில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து வந்தால், ரப்பர் பச்சை வயல் பச்சையாகிப் பனையின் சாம்பல் பச்சையில் வந்து முடிவது தெரியும்.

அப்புறம், ஆனி ஆடியில் ஆரல்வாய்மொழிக்கு வாருங்கள். கணவாய்க் காற்றில் மரங்கள் ஒரே பக்கமாகச் சாய்ந்தே வளர்ந்து நிற்கும். கிளிப் நாலு கொண்டுவாருங்கள், ஒன்று போதாது. துணைக்கு நான் வருகிறேன், காகிதத்தைப் பிடித்துக்கொள்ளவாவது ஆவேன்.

ரப்பர் ஷீட் படத்துக்குப் பின்னால் தேதி போட்டிருக்கிறீர்களா என்று பாருங்கள். நான் சொன்ன மாதம் தப்பென்றால் தயங்காமல் எழுதுங்கள், பனையேறி தாத்தாவுக்குப் பிறகு என்னைத் திருத்தியவர் நீங்கள்தான் என்று இருக்கட்டும். விலையும் சொல்லுங்கள். எங்கள் வீட்டு நடையில் போன வருஷக் காலண்டரைக் கழற்றிய ஆணி ஒன்று சும்மா இருக்கிறது.

அன்புடன்,
அண்ணாச்சி