மிதக்கும் பலகையைப் பள்ளிக் கண்காட்சியில் காட்ட முடியுமா?

கே: 1989-இல் வந்த ‘பேக் டு தி ஃபியூச்சர் 2’ படத்தில், 2015-இல் சக்கரமில்லாத பலகை தரையைத் தொடாமல் போகிறது. அது ஏன் இன்னும் வரவில்லை? என் மகன் பள்ளியில் சின்னதாகச் செய்து காட்ட ஆசைப்படுகிறான். – அல்சூர் வாசகி, பெங்களூரு

ப: படத்தில் நடிகர்களைக் கம்பியில் தொங்கவிட்டுப் படமெடுத்து, பிறகு கம்பிகளை அழித்தார்கள். காந்தத்தால் மிதக்க வேண்டுமானால் அடியிலும் காந்தமோ உலோகமோ வேண்டும். 2015-இல் லெக்சஸ் கார் நிறுவனம் காட்டிய பலகை நிஜமாகவே மிதந்தது. உள்ளே திரவ நைட்ரஜனில் குளிர்ந்த மீகடத்திகள் (கடுங்குளிரில் மின்தடையே இல்லாமல் போகும் பொருள்கள்), தரைக்கடியில் காந்தப் பாதை. எம்.ஜி. ரோட்டுத் தாரில் வைத்தால் அது வெறும் பலகைதான்.

மகன் தாராளமாகச் செய்யலாம். 10 மி.மீ. நியோடைமியம் கனசதுரக் காந்தங்கள் நான்கு, 10 மி.மீ. சதுரத்தில் அரை மி.மீ. தடிமனுள்ள பைரோலிட்டிக் கிராஃபைட் (காந்தம் விலக்கித் தள்ளும் ஒருவகைக் கரி) தகடு ஒன்று போதும். காந்தங்களை எஸ்.பி. ரோடு கடைகளில் விசாரியுங்கள். தகட்டை ஆன்லைனில் வாங்கலாம்.

முதலில் நான்கு காந்தங்களையும் கோபுரமாக அடுக்கி, ஒவ்வொன்றின் மேல்முகத்திலும் மார்க்கரால் புள்ளி வையுங்கள். இந்தப் படியைத் தவிர்த்தால் காந்த முனைகள் குழம்பிப்போகும். பிறகு இரும்புத் தகட்டின்மேல் இரண்டுக்கு இரண்டாக, சதுரங்கக் கட்டம்போல் புள்ளி மேலே, கீழே என்று மாற்றி மாற்றி ஒட்டவையுங்கள். நடுவில் கிராஃபைட்டை வைத்தால் ஒரு மி.மீ.க்கும் குறைவான உயரத்தில் நிற்கும். அடியில் மெல்லிய காகிதத்தை நுழைத்துக் காட்டச் சொல்லுங்கள். பார்ப்பவர்கள் அப்போதுதான் நம்புவார்கள்.

தகடு வழுக்கி ஓடினால் எல்லா முனையும் ஒரே பக்கம் பார்க்கிறது என்று பொருள். எழும்பவே இல்லையென்றால் தடிமன் அதிகம். பிளேடால் ஓர் அடுக்கை உரித்தெடுங்கள். சாதாரண கிராஃபைட் கட்டி வேண்டாம், அதன் விலக்குவிசை போதாது. காந்தங்கள் விரலை நசுக்கும். சிறு குழந்தைகள் இரண்டை விழுங்கினால் குடலையே கவ்விப் பிடித்துத் துளைத்துவிடும், எட்டாத இடத்தில் வையுங்கள்.

திரவ நைட்ரஜனைப் பள்ளி அறைக்குள் கொண்டுவராதீர்கள். ஒரு லிட்டர் ஏறக்குறைய 700 லிட்டர் வாயுவாக விரிந்து ஆக்ஸிஜனை விரட்டும். இறுக மூடினால் பாத்திரம் வெடிக்கும்.

கே: அந்தப் படம் சொன்னதில் எது பலித்தது? – சிவாஜிநகர் வாசகர், பெங்களூரு

ப: வீடியோ அழைப்பு, சுவரில் தட்டையான டிவி, கைரேகை வைத்துப் பணம் செலுத்துவது. தானே இறுகும் ஷூவுக்குப் படப்பிடிப்பில் தரைக்கடியிலிருந்து ஆட்கள் நாடாவை இழுத்தார்கள். 2016-இல் நைக்கி மோட்டார் வைத்து 89 ஜோடி செய்தது. சிகாகோ கப்ஸ் அணி 2015-இல் பேஸ்பால் பட்டம் வெல்லும் என்றது படம், வென்றது 2016-இல். பெரிய சறுக்கல் ஃபேக்ஸ் (தொலைநகல்) தான்: நாயகனின் வேலை போன செய்தி 2015-இலும் ஃபேக்ஸில் வருகிறது.