லீக் டூ விங்கர், கையில் 38,000 பவுண்டு: ஃப்ளாட் வாங்கலாமா?

கேள்வி: என் மகனுக்கு 23 வயது. இங்கிலாந்துக் கால்பந்தின் நான்காம் நிலையான லீக் டூவில் ஒரு கிளப்புக்கு விங்கராக, அதாவது பக்கவாட்டில் ஓடித் தாக்கும் வீரராக ஆடுகிறான். வாரச் சம்பளம் 1,400 பவுண்டு. ஒப்பந்தம் அடுத்த ஆண்டு ஜூன் 30 வரை. சேமிப்பு 38,000 பவுண்டு இருக்கிறது. கிளப் இருக்கும் ஊரிலேயே ஃப்ளாட் வாங்கச் சொல்கிறார் அவன் ஏஜென்ட். மொத்தத்தையும் பென்ஷனில் போடச் சொல்கிறார் என் நண்பர். யார் சொல்வதைக் கேட்பது?
- ஒரு தந்தை, ஹாரோ

பதில்: இருவர் சொல்வதையும் வேண்டாம்.

வாரம் 1,400 என்றால் ஆண்டுக்கு 72,800. வருமான வரியும், சம்பளத்தில் பிடிக்கும் சமூகக் காப்பீடான நேஷனல் இன்ஷூரன்ஸும் போனால் இன்றைய விகிதத்தில் வாரம் சுமார் 1,015 பவுண்டு கைக்கு வரும். நல்ல பணம்தான். ஆனால் அதை ஆண்டுச் சம்பளமாக நினைக்காதீர்கள், ஜூன் 30 வரைக்கான கூலி அது. யாரை வைத்துக்கொள்வது, யாரை விடுவிப்பது என்று மே மாதத்தில் கிளப்கள் பட்டியல் போடும். உங்கள் மகன் விடுவிக்கப்பட்டால் அடுத்த கிளப் தென்மேற்கே எக்ஸிட்டரோ வடமேற்கே பாரோவோ, யார் கண்டது? பழைய ஊர் ஃப்ளாட்டுக்கு வாடகைக்கு ஆள் தேடிக்கொண்டே புது ஊரில் இவர் வாடகை கட்ட வேண்டியிருக்கும். ஓர் ஆண்டு ஒப்பந்தத்தைப் பார்த்துக் கடன் தர வங்கிகளும் யோசிக்கும்.

விங்கருக்கு முதலீடே வேகம். பின்தொடைத் தசை இரண்டு முறை கிழிந்தால் அது போய்விடும். காயமே இல்லாவிட்டாலும் 33, 34 வயதோடு பெரும்பாலும் ஆட்டம் முடிந்துவிடும். பென்ஷன் பணத்தைத் தொடும் வயதோ 2028 ஏப்ரலில் 57 ஆகிறது. நடுவில் இருபது வருடத்துக்கு மேல் இருக்கிறதே, அதை மறந்துவிட்டார் உங்கள் நண்பர்.

ஜாரட் போவனைக் காட்டி யாராவது ஆசை மூட்டக்கூடும். ஹெரிஃபோர்டில் தொடங்கிய விங்கர், 2014-ல் ஹல் சிட்டிக்குப் போனார், 2020 ஜனவரியில் மேல்மட்டமான பிரீமியர் லீகில் ஆடிய வெஸ்ட் ஹாமுக்கு. உண்மைதான். அதே 2014 டிசம்பரில் ஹெரிஃபோர்ட் யுனைடெட் கிளப்பே கலைக்கப்பட்டது, அதை யாரும் சொல்ல மாட்டார்கள். 2019 ஆகஸ்டில் லீக்கிலிருந்து நீக்கப்பட்ட பரி கிளப், 2020 செப்டம்பரில் கலைக்கப்பட்ட மேக்கிள்ஸ்ஃபீல்ட் டவுன் இரண்டும் வீரர்களுக்குச் சம்பள பாக்கி வைத்த கிளப்கள்.

அதனால் முதலில் 20,000 பவுண்டை எப்போது வேண்டுமானாலும் எடுக்கக்கூடிய சேமிப்புக் கணக்கில் போடுங்கள். வேலை இல்லாத ஓர் ஆண்டை அது தாங்க வேண்டும். ஐசா என்பது வரியில்லாச் சேமிப்புக் கணக்கு; அதில் முதல் வீட்டுக்கோ முதுமைக்கோ சேர்க்கும் வகையான லைஃப்டைம் ஐசா ஒன்றை இந்த வாரமே திறந்து 4,000 போட்டால் அரசு 1,000 சேர்க்கும். கணக்குத் திறந்து 12 மாதம் ஆன பிறகு, 4,50,000 பவுண்டு வரையிலான முதல் வீட்டுக்கு அதைப் பயன்படுத்தலாம். கிளப் ஊரில் அல்ல, அவர் நிலையாக வாழப்போகிற ஊரில். வேறு காரணத்துக்கு 60 வயதுக்கு முன் எடுத்தால் 25% பிடித்துக்கொள்வார்கள், போனஸோடு சொந்தப் பணத்திலும் கொஞ்சம் போகும். மீதி 14,000 சாதாரணப் பங்கு ஐசாவில், பங்குச் சந்தைக் குறியீட்டை அப்படியே பின்பற்றும், செலவு குறைந்த இண்டெக்ஸ் ஃபண்டில் இருக்கட்டும். இரண்டு ஐசாவும் சேர்ந்து ஆண்டு வரம்பான 20,000-க்குள் அடங்கும்.

பென்ஷனை ஒதுக்கிவிடச் சொல்லவில்லை. 50,270-க்கு மேற்பட்ட சம்பளத்துக்கு 40% வரி கட்டுகிறார். அந்தப் பகுதியிலிருந்து 3,000 பென்ஷனுக்குப் போனால் அவருக்கு உண்மையில் ஆகும் செலவு 1,800தான். அடுத்த ஆண்டு லீக் டூவுக்குக் கீழே உள்ள நேஷனல் லீகில் பாதிச் சம்பளத்துக்கு ஆடினால் இந்தச் சலுகை கிடைக்காது. ஆகவே சேமிப்பைத் தொடாமல், மாதச் சம்பளத்திலிருந்து இந்த ஆண்டு கொஞ்சம் போடலாம். வீரர்கள் சங்கமான பி.எஃப்.ஏ. வழியாக அவர் பெயரில் ஏற்கெனவே பென்ஷன் இருக்கிறதா என்று முதலில் விசாரியுங்கள். படிப்புக்கும் அந்தச் சங்கம் உதவுகிறது. பயிற்சியாளர் சான்றிதழோ பிசியோதெரபியோ, காயத்தில் உட்கார்ந்திருக்கும் மாதங்களில் தொடங்கிவிடலாம்.

இன்னொன்று. அந்த ஃப்ளாட் விற்றால் ஏஜென்ட்டுக்குக் கமிஷன் உண்டா என்று மின்னஞ்சலில் கேளுங்கள். பதில் எழுத்தில் வரும்வரை எதிலும் கையெழுத்துப் போட வேண்டாம்.