பார் உரிமம் புதுப்பிக்கும் கட்டணத்தை உயர்த்தினால் நீதிமன்றம் குறைத்துத் தருமா?

ஹோட்டல் பாருக்கான உரிமக் கட்டணத்தை அரசு ஒரேயடியாக உயர்த்திவிட்டது, கட்டாமல் வழக்குப் போட்டால் தொகை குறையுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

தொகை அதிகம் என்ற ஒரே காரணத்தோடு போனால் குறையாது. கட்டாமல் போனால் நிலைமை இன்னும் மோசமாகும். தமிழ்நாட்டில் ஒரு ஹோட்டலில் பல வருடம் கணக்குப் பார்த்தவன் நான். எங்கள் பாருக்கு எஃப்.எல்.3, அதாவது ஹோட்டல் பார்களுக்கான வகை உரிமம். ரினியூவல் வேலை முழுக்க என் பொறுப்பு. ஒரு முறை வழக்கும் நடத்தினோம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

"இன்ஸ்பெக்டர் வருடத்தில் நாலு முறை வந்து ரிஜிஸ்டரைப் புரட்டிவிட்டுப் போகிறார். அதற்கு இத்தனை லட்சமா?" எங்கள் முதலாளி வக்கீலிடம் முதலில் கேட்டது இதைத்தான். கட்டணம் என்றால் அதற்கு ஈடாக ஒரு சேவை வேண்டுமே என்பது நியாயமான கேள்வி. ஆனால் மது விஷயத்தில் இந்தக் கதவு 1975-லேயே அடைபட்டுவிட்டது. ஹர்சங்கர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: மது விற்கும் உரிமை முழுக்க அரசினுடையது, அதில் ஒரு பங்கை நமக்கு விட்டுக்கொடுப்பதற்கு அரசு வாங்கும் விலையே உரிமக் கட்டணம். அது வரியும் இல்லை, சேவைக்கான கட்டணமும் இல்லை. விலை என்று ஆனபிறகு "பதிலுக்கு என்ன செய்தீர்கள்" என்று கேட்க இடமில்லை. நிபந்தனைகளைத் தெரிந்தே ஒப்புக்கொண்டு உரிமம் எடுத்தவர், வியாபாரம் கட்டுப்படியாகவில்லை என்றதும் ரிட் மனு போட்டு அந்தப் பொறுப்பிலிருந்து நழுவ முடியாது என்பதும் அதே தீர்ப்பில் இருக்கிறது.

புதுப்பித்துத் தரச் சொல்லிக் கேட்பதும் நமக்கு உரிமையாக வந்துவிடாது. தமிழ்நாட்டிலிருந்து போன பாலு வழக்கில், நெடுஞ்சாலையிலிருந்து 500 மீட்டருக்குள் மது விற்பனை கூடாது என்று 2016 டிசம்பர் 15 அன்று உத்தரவு வந்தது. கையில் இருந்த உரிமங்கள் அவற்றின் காலம் வரை ஓடலாம், ஆனால் 2017 ஏப்ரல் 1-க்கு மேல் போகக் கூடாது என்றார்கள். பிறகு அந்த உத்தரவில் தளர்வுகள் வந்தன. இருந்தாலும் வருடா வருடம் பணம் கட்டி வந்த எத்தனையோ பேருக்கு, இந்த உரிமத்தின் ஆயுள் ஒரு வருடம்தான் என்று அப்போதுதான் உறைத்தது.

அப்படியானால் எந்த வழக்கு நிற்கும்? அரசுக்கு விலை வைக்க அதிகாரம் உண்டு, ஆனால் அதை விதிப்படி வைக்க வேண்டும். உங்களிடம் கேட்கும் தொகைக்கு அரசிதழில் வந்த விதித் திருத்தம் இருக்கிறதா, இல்லை வெறும் சுற்றறிக்கையா என்று முதலில் பாருங்கள். அப்புறம், ஒரே வகை உரிமம் வைத்திருக்கும் இருவரில் ஒருவருக்கு மட்டும் காரணமில்லாமல் கூடுதல் கட்டணமா என்று பாருங்கள். 1994-ல் கோடே டிஸ்டில்லரீஸ் வழக்கில் மது வியாபாரம் அடிப்படை உரிமை இல்லை என்று சொன்ன ஐந்து நீதிபதி அமர்வே, வியாபாரத்தை அனுமதித்தபின் தகுதியுள்ளவர்களுக்குள் பாகுபாடு காட்டக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறது.

எங்கள் வழக்கு வேறு மாதிரி. முழுத் தொகையும் கட்டிப் புதுப்பித்து எட்டு மாதம் கழித்து, வித்தியாசத் தொகை என்று ஒரு டிமாண்ட் நோட்டீஸ் வந்தது. மொத்தம் ஒன்றரைப் பக்கம். அதில் ஒரு தணிக்கைக் குறிப்பின் எண் இருந்தது, எந்த விதியின்படி என்று ஒரு வரி இல்லை. எங்களிடம் விளக்கமும் கேட்கவில்லை. உயர் நீதிமன்றத்தில் எங்கள் வக்கீல் கட்டணம் நியாயமா என்ற பேச்சையே எடுக்கவில்லை. விதி எங்கே, விசாரணை எங்கே, இந்த இரண்டு கேள்விகள்தான். நோட்டீஸ் ரத்தானது, விளக்கம் கேட்டுப் புதிதாக உத்தரவு போடச் சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். இரண்டாவது முறை வந்த தொகை முதலில் கேட்டதில் பாதிகூட இல்லை.

டாஸ்மாக் கடையை ஒட்டிய பார் நடத்துபவர்களுக்கு இது அப்படியே பொருந்தாது. அவர்கள் டெண்டரில் எடுத்தவர்கள், அங்கே ஒப்பந்த நிபந்தனைகளைத்தான் முதலில் படிக்க வேண்டும். 2020 ஊரடங்கில் பார்கள் மூடிக்கிடந்த மாதங்களுக்குக் கட்டணத்தைக் கழிக்கச் சொல்லிப் பல மாநிலங்களில் கோரிக்கை எழுந்தது. சில அரசுகள் தாமாகவே சலுகை தந்தன. எனக்கு அதில் இன்றும் வருத்தம் உண்டு. அரசே மூடச் சொன்ன நாட்களுக்கு அரசே விலை வாங்குவது சரியில்லை.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது. கடைசித் தேதிக்கு முன்னால் பணத்தைக் கட்டிவிடுங்கள். ரிட் மனு நீதிமன்றத்தில் பதிவாகி எண் கிடைத்துவிட்டது என்பதால் உரிமம் நீண்டுவிடாது. காலாவதியான மறுநாள் ஒரு பெக் விற்றாலும் அது உரிமம் இல்லாத விற்பனை. ஒரு வருடம் எங்களுக்குப் புதுப்பிப்பு உத்தரவு வராமல் மார்ச் 31 இரவு வந்துவிட்டது. திறந்த பாட்டில்களைக்கூட ஒவ்வொன்றாக அளந்து ஸ்டாக் எழுதி, அலமாரியைப் பூட்டிச் சாவியை முதலாளியிடம் கொடுத்தேன். பதினோரு நாள் பார் மூடிக்கிடந்தது. பார்மேனும் சப்ளையர்களும் தினமும் வந்து வரவேற்பறையில் உட்கார்ந்துவிட்டுப் போனார்கள்.

பணத்தோடு ஒரு கடிதமும் கொடுங்கள்: "இத்தொகையை ஆட்சேபத்துடன் செலுத்துகிறோம், திரும்பக் கோரும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை." சலான் எண்ணை அதிலேயே எழுதி, தபால் பிரிவில் தேதியோடு சீல் வாங்குங்கள். பிறகு திரும்பக் கேட்கும்போது, நீங்களாக ஒப்புக்கொண்டு கட்டியதுதானே என்று துறை சொன்னால் காட்டுவதற்கு அந்தச் சீல் வைத்த நகல் வேண்டும். நோட்டீஸ் வந்த உறையையும் தூக்கிப் போடாதீர்கள். மேல்முறையீட்டுக்கு நாள் எண்ணும்போது, அது எந்தத் தேதியில் உங்கள் கைக்கு வந்தது என்பதைத்தான் முதலில் கேட்பார்கள்.